கலங்காத நெஞ்சம்: கால்பந்து வீரர் வால்ட்டர் டல்

விளையாட்டு வீரரின் புகழ் நெடுநாள் நிலைப்பது அரிது. களத்தில் ஆடும் வரை ஆயிரக்கணக்கானோர் அவர் பெயரைக் கூவி மகிழ்வர். கால்கள் ஓய்ந்தபின் அடுத்த தலைமுறைக்கு அப்பெயரே தெரியாமற் போகும். 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இங்கிலாந்தில் கால்பந்தாட்டத்தையே தொழிலாகக் கொண்டு வாழ்ந்த வால்ட்டர் டல் அவ்வாறு ஏறத்தாழ எண்பதாண்டுக் காலம் மறக்கப்பட்டுக் கிடந்தவர். இன்று அவர் பெயரில் ஒரு சாலை உண்டு. நினைவுச் சின்னம் உண்டு. அவர் உருவம் தாங்கிய அஞ்சல்தலையும் வெளிவந்துள்ளது.

அவர் கோல்களைக் குவித்துச் சாதனை படைத்தவர் அல்லர். இங்கிலாந்து தேசிய அணியில் ஒரு முறைகூட அவர் ஆடியதில்லை. நாட்டின் முதல் நிலை லீக்கில் அவருக்குக் கிடைத்தவை பத்து ஆட்டங்களே. இருந்தும் அவர் வாழ்க்கை படிக்கத் தக்கதாயிருப்பதற்குக் காரணம் அவருடைய நெஞ்சுரம் ஆகும். 1909ஆம் ஆண்டு ஒரு பத்திரிகைச் செய்தியாளரும், 1918ஆம் ஆண்டு ஒரு படைத் தளபதியும், ஒருவரையொருவர் அறியாமலே அவரிடம் கண்டு வியந்த பண்பு ஒன்றே. அது பதற்றமின்மை. அப்பண்பு அவரிடம் எவ்வாறு வளர்ந்தது, அதற்கு அவர் கொடுத்த விலை என்ன என்பதே அவர் வரலாறு.

தச்சரின் மகன்

மேற்கிந்தியத் தீவுகளுள் ஒன்றான பார்படோஸ், கரும்புத் தோட்டங்களுக்காக ஆப்பிரிக்க மக்கள் அடிமைகளாகக் கொண்டுவரப்பட்ட நாடு. அங்கே அடிமையாய் வாழ்ந்த ஒருவரின் மகனே டேனியல் டல். தச்சுத் தொழில் கற்ற டேனியல், பிழைப்புத் தேடிக் கடல் கடந்து 1876ஆம் ஆண்டு இங்கிலாந்தின் தென்கிழக்குக் கரையிலுள்ள ஃபோக்ஸ்டன் நகருக்கு வந்து சேர்ந்தார். கெண்ட் மாவட்டத்தைச் சேர்ந்த ஆலிஸ் பால்மர் என்னும் வெள்ளையினப் பெண்மணியை மணந்துகொண்டு அங்கேயே குடும்பம் அமைத்தார். இருவரும் மெத்தடிஸ்ட் திருச்சபையைச் சேர்ந்தவர்கள். அத்தம்பதியரின் மகனாக 1888ஆம் ஆண்டு ஏப்ரல் 28ஆம் நாள் வால்ட்டர் பிறந்தார்.

உழைத்து உண்ணும் எளிய குடும்பம் அது. ஆனால் துன்பம் விரைந்து வந்தது. 1895ஆம் ஆண்டு தாய் ஆலிஸ் புற்றுநோயால் மறைந்தார். அப்போது வால்ட்டருக்கு வயது ஏழு. தாயற்ற பிள்ளைகளை வளர்ப்பதற்காகத் தந்தை, ஆலிசின் உறவினரான கிளாரா என்பவரை மறுமணம் செய்துகொண்டார். அவ்வம்மையாருக்கும் ஒரு பெண் குழந்தை பிறந்தது. அக்குழந்தை பிறந்த 1897ஆம் ஆண்டின் இறுதியிலேயே தந்தை டேனியலும் இதயநோயால் இறந்துபோனார். மூன்றாண்டு முடிவதற்குள் பெற்றோர் இருவரையும் வால்ட்டர் இழந்தார்.

கைக்குழந்தையோடு நின்ற கிளாராவால் கணவர் விட்டுச்சென்ற பிள்ளைகள் அனைவரையும் காப்பாற்ற இயலவில்லை. அவர் கல்நெஞ்சர் அல்லர். வறுமையே அவரைத் தடுத்தது. வளர்ந்து வரும் ஆண்பிள்ளைகளாகிய எட்வர்டையும் வால்ட்டரையும் லண்டனில் இருந்த ஓர் அனாதை இல்லத்துக்கு அனுப்புவதென முடிவாயிற்று. 1898ஆம் ஆண்டு தொடக்கத்தில் அண்ணனும் தம்பியும் பிறந்த ஊரை விட்டு நீங்கினர். அப்போது வால்ட்டருக்குப் பத்து வயதும் நிறையவில்லை.

அனாதை இல்லத்தில்

கிழக்கு லண்டனில் பெத்னல் கிரீன் பகுதியில் மெத்தடிஸ்ட் திருச்சபையினர் நடத்திய அந்த இல்லம், ஆதரவற்ற சிறுவர்களுக்கு உணவும் கல்வியும் தந்ததோடு ஒரு கைத்தொழிலையும் கற்பித்தது. அங்கே சகோதரர் இருவரும் ஒருவர்க்கொருவர் துணையாயிருந்தனர். அத்துணையும் நீடிக்கவில்லை. எட்வர்டு நன்றாகப் பாடுவார். இல்லத்துக்கு நிதி திரட்டுவதற்காகப் பல ஊர்களுக்குச் சென்ற பாடற்குழுவில் அவரும் இருந்தார். அவ்வாறு ஸ்காட்லாந்துக்குச் சென்றபோது கிளாஸ்கோ நகரைச் சேர்ந்த வார்னாக் குடும்பத்தினர் அவரை விரும்பி, 1900ஆம் ஆண்டு தம் மகனாக ஏற்றுக்கொண்டனர். அக்குடும்பத் தலைவர் பல் மருத்துவர். பிற்காலத்தில் எட்வர்டும் அத்தொழிலையே கற்றுத் தேர்ந்து, பிரிட்டனில் பல் மருத்துவம் செய்த முதற் கறுப்பினத்தவருள் ஒருவராகப் பெயர் பெற்றார்.

அண்ணனுக்கு வாழ்வு கிடைத்த அந்நாளே தம்பிக்குத் தனிமை தொடங்கிய நாள் ஆயிற்று. பன்னிரண்டு வயதில், தாய் தந்தையர் இல்லாமல், உடன்பிறந்தாரும் அருகில் இல்லாமல், தோல் நிறத்தால் மற்ற சிறுவரினின்று வேறுபட்டுத் தோன்றும் ஒரு சிறுவன் அவ்வில்லத்தில் வளர்ந்தான். ஆயினும் சகோதரரிடையே அன்பு முறியவில்லை. ஊர் தொலைவாயிருந்தும் இறுதிநாள் வரை அவர்கள் தொடர்பு விட்டுப் போகவில்லை.

வால்ட்டர் கற்றுக்கொண்ட தொழில் அச்சுத் தொழில். எழுத்து கோப்பதும் தாள் அச்சிடுவதுமாக அவர் பகற்பொழுது கழிந்தது. இல்லத்துக் கால்பந்து அணியில் ஆடுவதே அவருக்குக் கிடைத்த இன்பம். அச்சகத்தின் ஒரு மூலையில் முடிந்திருக்கக்கூடிய அவர் வாழ்க்கையைத் திருப்பிவிட்டது அந்தப் பந்துதான்.

ஓர் ஆண்டில் மூன்று கோப்பைகள்

1908ஆம் ஆண்டு, இருபது வயதில், கிழக்கு லண்டனின் கிளாப்டன் கழகத்தில் வால்ட்டர் சேர்ந்தார். அது ஊதியம் பெறாமல் ஆடுவோரின் அமெச்சூர் கழகம். வாரமெல்லாம் ஒரு தொழில் செய்து சனிக்கிழமையில் ஆடுவோரே அதில் பெரும்பாலோர். முன்வரிசையில் இடப்புற உள் ஆட்டக்காரராக வால்ட்டர் ஆடினார். அவர் மிக வேகமாக ஓடுபவர் அல்லர். எதிரியின் கால்களுக்கிடையே பந்தை நிதானமாகக் கொண்டுசெல்வதும், தக்க நேரத்தில் தோழருக்குத் தருவதுமே அவருடைய சிறப்பு. அந்த 1908–09ஆம் பருவத்தில் கிளாப்டன் கழகம் அமெச்சூர் கோப்பை, லண்டன் சீனியர் கோப்பை, லண்டன் மாவட்ட அமெச்சூர் கோப்பை ஆகிய மூன்றையும் வென்றது.

அவ்வெற்றிகள் பெரிய கழகங்களின் பார்வையை அவர்மேல் திருப்பின. வடக்கு லண்டனின் டாட்டன்ஹாம் ஹாட்ஸ்பர் கழகம் 1909ஆம் ஆண்டில்தான் நாட்டின் முதற்பிரிவு லீக்குக்கு உயர்ந்திருந்தது. அவ்வாண்டுக் கோடையில் அக்கழகமும் எவர்ட்டன் கழகமும் தென் அமெரிக்காவில் அர்ஜென்டினா, உருகுவே நாடுகளுக்குக் கப்பலேறிச் சென்று காட்சி ஆட்டங்கள் ஆடின. அப்பயணத்தில் வால்ட்டரும் அழைத்துச் செல்லப்பட்டார். திரும்பி வந்ததும் 1909 ஜூலையில் டாட்டன்ஹாம் கழகத்தில் தொழில்முறை ஆட்டக்காரராகக் கையெழுத்திட்டார். அதற்கு அவர் பெற்ற தொகை 10 பவுன்.

அன்றைய தொழில்முறை ஆட்டக்காரரின் நிலை இன்றையோருக்கு வியப்பளிக்கும். வாரத்துக்கு 4 பவுனுக்கு மேல் எவருக்கும் ஊதியம் தரலாகாது என்று 1901ஆம் ஆண்டு முதல் விதி இருந்தது. கழகம் விரும்பினாலன்றி ஆட்டக்காரர் வேறு கழகத்துக்குப் போக முடியாது. ஒப்பந்தக் காலம் முடிந்தாலும் அவரைப் பிடித்து வைத்துக்கொள்ளும் உரிமை கழகத்துக்கு உண்டு. இக்கட்டுகளை எதிர்த்து 1907ஆம் ஆண்டு ஆட்டக்காரர் சங்கம் தோன்றியது. வால்ட்டர் கையெழுத்திட்ட அதே 1909 கோடையில் அச்சங்கத்தை ஏற்பதா மறுப்பதா என்னும் பூசல் முற்றி, வேலைநிறுத்தம் வரும் என்ற நிலைகூட ஏற்பட்டது. இத்தனை கட்டுகள் இருந்தும், அச்சகத் தொழிலாளியாக இருந்த ஓர் அனாதை இளைஞருக்கு 4 பவுன் நல்ல வருவாயே.

கறுப்பினத்தவர் தொழில்முறைக் கால்பந்தில் இறங்கியது அதுவே முதன்முறை அன்று. ஆப்பிரிக்காவின் அக்ரா நகரில் பிறந்த ஆர்தர் வார்ட்டன், 1880களிலேயே இங்கிலாந்தில் கோல்காப்பாளராகப் புகழ் பெற்றிருந்தார். ஆயினும் ஆயிரக்கணக்கான மக்கள் கூடும் முதற்பிரிவு ஆட்டத்தில், முன்வரிசையில், ஒரு கறுப்பின இளைஞர் ஆடுவது அன்று மிக அரிய காட்சி.

1909ஆம் ஆண்டு செப்டம்பர் முதல் நாள் சண்டர்லேண்டில் நடந்த ஆட்டத்தில் அவர் முதன்முதலாகக் களமிறங்கினார். அதில் டாட்டன்ஹாம் தோற்றது. பத்து நாள் கழித்துச் சொந்த ஊர்க் களத்தில், அவ்வாண்டுக் கோப்பையை வென்றிருந்த மான்செஸ்டர் யுனைட்டெட் அணியை எதிர்த்து ஆடினார். அவரை எதிரணியினர் முறைகேடாகத் தடுத்ததால் டாட்டன்ஹாமுக்குப் பெனால்டி வாய்ப்புக் கிடைத்தது. ஆட்டம் இரண்டுக்கு இரண்டு என்று சமமாக முடிந்தது. மறுவாரம் பிராட்ஃபோர்டு சிட்டி அணியோடு ஆடியபோது தம் முதல் லீக் கோலையும் அடித்தார்.

பிரிஸ்டல் களம்

1909ஆம் ஆண்டு அக்டோபர் மாதம் டாட்டன்ஹாம் அணி மேற்கு இங்கிலாந்தின் பிரிஸ்டல் நகருக்குச் சென்றது. பிரிஸ்டல் சிட்டி அணியோடு ஆட்டம். பிரிஸ்டல் ஒரு துறைமுக நகரம். 18ஆம் நூற்றாண்டில் அடிமை வணிகத்தால் செழித்த நகரங்களுள் அதுவும் ஒன்று. வால்ட்டரின் முன்னோர் உழைத்த தீவுகளின் சர்க்கரை அந்நகர வணிகர்களைச் செல்வராக்கியிருந்தது.

அன்று பார்வையாளருள் ஒரு பகுதியினர் வால்ட்டரின் நிறத்தைக் குறித்து மிக இழிந்த சொற்களால் தொடர்ந்து ஏசினர். அவர் பந்தைத் தொட்ட போதெல்லாம் அக்கூச்சல் எழுந்தது. ஆட்டக்காரரைக் கூட்டம் கேலி செய்வது புதிதன்று. ஒருவருடைய பிறப்பையே குற்றமாக்கி ஒரு பெருங்கூட்டம் கத்துவது வேறு வகை. பதில் பேச அவருக்கு வழியில்லை. பேசினாலும் ஆயிரம் குரல்களுக்கு நடுவில் அது கேட்டிராது. அவர் ஆடினார், இறுதி வரை ஆடினார்.

அதனை நேரில் கண்ட விளையாட்டுப் பத்திரிகைச் செய்தியாளர் ஒருவர், கால்பந்தும் நிறவெறியும் என்பதையே பொருளாக்கித் தம் ஏட்டில் எழுதினார். அன்று களத்தில் நின்ற முன்வரிசை ஆட்டக்காரருள் டல்லே சிறந்தவர் என்றும், உள்ளத் தூய்மையிலும் ஆடும் முறையிலும் வெள்ளையர் அனைவருக்கும் அவர் எடுத்துக்காட்டு என்றும் அவர் குறித்தார். கூச்சலிட்டவர்களைக் கடுமையாகச் சாடினார். இங்கிலாந்துக் கால்பந்தாட்டத்தில் நிறவெறியைக் கண்டித்து எழுதப்பட்ட முற்பட்ட செய்திகளுள் அது ஒன்று. அது எழுதப்பட்டிராவிடில், அன்றைய பொழுதில் வால்ட்டர் எவ்வாறு நின்றார் என்பது நமக்குத் தெரிந்திருக்காது. கண்டதைக் கண்டவாறு எழுதிவைத்த ஒருவரின் கடமை எத்தகையது என்பதை எழுதுவோர் அனைவரும் எண்ணிப் பார்க்கலாம்.

ஆனால் அப்புகழுரை அவருக்குக் கைகொடுக்கவில்லை. அந்த ஆட்டத்துக்குப் பின் விரைவிலேயே முதல் அணியிலிருந்து அவர் நீக்கப்பட்டார். ஏழு ஆட்டங்களோடு அப்பருவத்தில் அவர் வாய்ப்பு முடிந்தது. அடுத்த பருவத்தில் மூன்று ஆட்டங்கள் கிடைத்தன. மற்ற நாள்களில் இரண்டாம் அணியோடு, சிறு கூட்டங்களின் முன் ஆடினார். கூட்டத்தின் கூச்சலைக் கண்டு கழகம் அஞ்சியதா, ஆட்டத்தில் குறை கண்டதா என்று இன்றும் வாதிடுவர். ஏசியவர்கள் அடுத்த சனிக்கிழமையும் தம் இடத்தில் வந்து நின்றனர். ஏசப்பட்டவரே இடம் இழந்தார். டாட்டன்ஹாமில் அவர் ஆடிய லீக் ஆட்டங்கள் மொத்தம் பத்து. அடித்த கோல்கள் இரண்டு.

நார்தாம்ப்டன் நகரில்

மனிதரை அறியும் கண் உடைய ஒருவர் அந்நிலையில் அவரைத் தேடி வந்தார். அவர் ஹெர்பர்ட் சாப்மன். பிற்காலத்தில் ஹடர்ஸ்ஃபீல்டு, ஆர்சனல் கழகங்களை லீக் வெற்றிகளுக்கு வழிநடத்தி, ஆங்கிலக் கால்பந்தின் தலைசிறந்த மேலாளருள் ஒருவர் எனப் போற்றப்பட்டவர் அவர். 1911ஆம் ஆண்டில் நார்தாம்ப்டன் டவுன் கழகத்தின் மேலாளராக இருந்தார். சாப்மனும் முன்பு டாட்டன்ஹாமில் ஆடியவரே. அவ்வாண்டு அக்டோபரில் ஒரு தொகையும் தம் அணியின் சார்லி பிரிட்டன் என்னும் ஆட்டக்காரரையும் டாட்டன்ஹாமுக்குக் கொடுத்து வால்ட்டரை அவர் பெற்றுக்கொண்டார்.

நார்தாம்ப்டன் காலணித் தொழிலுக்குப் பெயர் பெற்ற ஊர். அதனால் அவ்வணியினரைச் செருப்புத் தைப்போர் என்றே மக்கள் செல்லமாக அழைப்பர். கழகம் ஆடியது தென்பகுதி லீக்கில்; முதற்பிரிவைவிட ஒரு படி கீழானது. ஆனால் வால்ட்டருக்கு அங்கே நிலையான இடம் கிடைத்தது. முதற்பருவத்திலேயே, 1912ஆம் ஆண்டு, பிரிஸ்டல் ரோவர்ஸ் அணியை எதிர்த்த ஓர் ஆட்டத்தில் நான்கு கோல்கள் அடித்தார். ரோவர்ஸ் வேறு கழகம். ஆனால் அவரை ஏசிய அதே நகரத்துக் கழகம்.

பின்னர் முன்வரிசையிலிருந்து இடைவரிசைக்கு மாற்றப்பட்டார். எதிரியைத் தடுப்பதும், கிடைத்த பந்தை முன்னுள்ளவர்க்கு அளந்து கொடுப்பதும் இடைவரிசை ஆட்டக்காரரின் பணி. கோல் அடிப்பவருக்குக் கிடைக்கும் ஆரவாரம் அவருக்குக் கிடைக்காது. ஆனால் அவரின்றி அணி நிற்காது. வால்ட்டரின் இயல்புக்கு அவ்விடம் மிகப் பொருந்தியது. நார்தாம்ப்டன் கழகத்துக்காக முதல் அணியில் நூற்றுக்கும் மேற்பட்ட ஆட்டங்களில் ஆடி, அவ்வூர் மக்களின் அன்புக்குரியவரானார். டாட்டன்ஹாமில் மறுக்கப்பட்ட நிலைபேறு இங்கே மூன்றாண்டு கிடைத்தது.

காற்பந்தர் படை

1914ஆம் ஆண்டு ஆகஸ்டில் முதல் உலகப் போர் மூண்டது. நாட்டின் இளைஞர் போர்முனைக்குச் செல்கையில் ஊதியம் பெற்றுப் பந்தாடுவது தகுமா என்ற கண்டனம் எழுந்தது. அதன் விளைவாக அவ்வாண்டு டிசம்பர் 15ஆம் நாள் லண்டன் ஃபுல்லம் நகர மன்றத்தில் கூடிய கூட்டத்தில், மிடில்செக்ஸ் படைப்பிரிவின் 17ஆம் பட்டாளம் கால்பந்து வீரர்களைக் கொண்டே அமைக்கப்பட்டது. காற்பந்தர் பட்டாளம் என்றே மக்கள் அதனை அழைத்தனர். அது தொடங்கிய ஒரு வாரத்துக்குள், டிசம்பர் 21ஆம் நாள் வால்ட்டர் அதில் சேர்ந்தார். நார்தாம்ப்டன் அணியிலிருந்து அதில் முதலில் சேர்ந்தவர் அவரே.

பயிற்சிக் காலத்திலேயே சார்ஜண்டு நிலைக்கு அவர் உயர்த்தப்பட்டார். 1915ஆம் ஆண்டு நவம்பரில் அப்பட்டாளம் பிரான்சுக்குச் சென்றது. சேறும் குளிரும் நிறைந்த பதுங்கு குழிகளில் மாதங்கள் கழிந்தன. தலைக்குமேல் இடைவிடாமல் எறிகுண்டுகள் வெடித்தன.

1916ஆம் ஆண்டு வசந்த காலத்தில் அவர் மனம் நிலைகுலைந்தது. கடுமையான மனப் பிறழ்வு என்று மருத்துவர்கள் குறித்தனர். எறிகுண்டு அதிர்ச்சி என்று அந்நாளில் வழங்கிய நோயே அது. சிகிச்சைக்காக அவர் இங்கிலாந்துக்கு அனுப்பப்பட்டார்.

அவர் வரலாற்றைச் சொல்வோர் இப்பகுதியை விரைந்து கடந்துவிடுவதுண்டு. அது சரியன்று. பிரிஸ்டல் களத்தில் கலங்காது நின்றவர், பகைவர் எறிகுண்டுகளின் கீழ் கலங்கினார். பதற்றமின்மை என்பது உணர்ச்சியற்ற கல்லின் தன்மையன்று. உள்ளே எழுவதை அடக்கி வைத்தவரின் உழைப்பு அது. அவ்வுழைப்புக்கும் ஓர் எல்லை உண்டு. எல்லை கடந்தபின் அவர் வீழ்ந்தார். வீழ்ந்தவர் எழுந்து, அதே போர்முனைக்கு 1916 செப்டம்பரில் திரும்பினார். சோம் ஆற்றங்கரைப் பெரும்போரின் பிற்பகுதியில் பங்குகொண்டார். அவ்வாண்டு இறுதியில் பதுங்குகுழிக் காய்ச்சல் கண்டு மீண்டும் தாய்நாட்டுக்கு அனுப்பப்பட்டார்.

தடையைக் கடந்த பதவி

நலம் பெற்றபின் அவரை அதிகாரியாக்கலாம் என்று அவருடைய மேலோர் கருதினர். இங்கேதான் பெரிய தடை ஒன்று இருந்தது. படையில் அதிகாரியாவோர் தூய ஐரோப்பிய வம்சத்தினராய் இருத்தல் வேண்டும் என்று அன்றைய விதிகள் எதிர்பார்த்தன. கறுப்பினத்தவர் படையில் போரிடலாம். வெள்ளையருக்கு ஆணையிடலாகாது என்பதே அதன் பொருள். ஆயினும் 1917ஆம் ஆண்டு ஸ்காட்லாந்தின் கெயில்ஸ் என்னும் இடத்திலிருந்த அதிகாரிகள் பயிற்சிப் பள்ளியில் அவர் பயின்று, மே 30ஆம் நாள் இரண்டாம் லெப்டினன்டாகப் பதவி பெற்றார்.

பிரிட்டிஷ் படையின் முதற் கறுப்பின அதிகாரி அவரே என்று நெடுநாள் எழுதப்பட்டு வந்தது. அது முழு உண்மையன்று என்பது இப்போது தெளிவாகியுள்ளது. ஜமைக்காவில் பிறந்த யூவன் லூசி–ஸ்மித் என்பவர் 1914ஆம் ஆண்டிலேயே அதிகாரியாகி, 1915 ஏப்ரலில் பெல்ஜியத்தில் போரில் மாண்டார். ஜார்ஜ் பெமண்ட் என்பவரும் 1915ஆம் ஆண்டு பதவி பெற்றவர். முதல்வர் என்னும் பட்டம் போனதால் வால்ட்டரின் சிறப்பு குறைந்துவிடவில்லை. சாதாரணப் படைவீரராகச் சேர்ந்து, தோழரோடு தோழராய்ச் சேற்றில் கிடந்து, நோயுற்று மீண்டு, தகுதியாலேயே அவர் உயர்ந்தார். ஆயிரக்கணக்கானோர் நேரிற் கண்டிருந்த கால்பந்து வீரரின் நிறம் எவருக்கும் தெரியாததன்று. தெரிந்தும் பதவி தரப்பட்டது என்பதே கருதத்தக்கது.

மிடில்செக்ஸ் படைப்பிரிவின் 23ஆம் பட்டாளத்தில், அதாவது இரண்டாம் காற்பந்தர் பட்டாளத்தில், அவர் அமர்த்தப்பட்டார். 1917ஆம் ஆண்டில் பெல்ஜியத்தின் மெசீன், ஈப்பர் போர்முனைகளில் அப்பட்டாளம் போரிட்டது.

பியாவே ஆற்றைக் கடந்த இரவு

1917ஆம் ஆண்டு அக்டோபரில் இத்தாலியப் படை கப்போரெட்டோவில் பெருந்தோல்வியுற்றது. அந்நாட்டுக்குத் துணையாக அனுப்பப்பட்ட பிரிட்டிஷ் படைகளோடு வால்ட்டரின் பட்டாளமும் சென்றது. பியாவே ஆற்றின் ஒரு கரையில் இவர்களும் மறுகரையில் ஆஸ்திரியப் படையினரும் எதிரெதிரே நின்றனர். ஆறு பல கிளைகளாகப் பிரிந்து வேகமாக ஓடியது. நீர் உறையும் குளிர்காலம்.

1918ஆம் ஆண்டு பிறந்த முதல் நாள் இரவில், பகைவர் நிலையை உளவறிந்து தாக்கும் பொருட்டு 26 வீரர்களோடு ஆற்றைக் கடக்குமாறு வால்ட்டருக்குப் பணிக்கப்பட்டது. இருளில், மார்பளவுக் குளிர்நீரில், ஓசையின்றிச் செல்ல வேண்டும். பகைவரின் குண்டுமாரிக்கு நடுவில் பணியை முடித்து அவர் திரும்பினார். சென்ற 26 பேரையும் உயிரோடு மீட்டு வந்தார். ஒருவரும் சாகவில்லை என்பதே அதன் பெருமை. 41ஆம் டிவிஷன் தளபதி மேஜர் ஜெனரல் சிட்னி லாஃபர்டு, அவருடைய வீரத்தையும் பதறாத நிதானத்தையும் பாராட்டிப் பதிவு செய்தார்.

எட்டாண்டுக்கு முன் பிரிஸ்டல் களத்தின் ஓரத்தில் அமர்ந்திருந்த செய்தியாளர் கண்டதையே, பியாவே ஆற்றங்கரையில் அத்தளபதியும் கண்டார். எந்தப் பண்பைக் குலைக்க ஒரு கூட்டம் முயன்றதோ, அதே பண்பு 26 தாய்மாரின் மக்களை வீட்டுக்குத் திருப்பித் தந்தது.

இறுதி நாள்

1918ஆம் ஆண்டு மார்ச் தொடக்கத்தில் அவர் பட்டாளம் பிரான்சுக்குத் திரும்பியது. மார்ச் 21ஆம் நாள் ஜெர்மானியர் தம் முழு வலிமையையும் திரட்டிப் பெருந்தாக்குதல் தொடங்கினர். பிரிட்டிஷ் படைகள் பின்வாங்க நேர்ந்தது. மார்ச் 25ஆம் நாள் பப்போம் நகருக்கு அருகிலுள்ள ஃபாவ்ரோய் சிற்றூரையொட்டி நடந்த போரில் வால்ட்டர் குண்டடிபட்டு வீழ்ந்தார். முப்பது வயது நிறைய ஒரு மாதமே இருந்தது.

வீழ்ந்த அவரை அங்கேயே விட்டுவர அவருடைய வீரர்களுக்கு மனம் வரவில்லை. லெஸ்டர் ஃபாஸ் அணியின் முன்னாள் கோல்காப்பாளரான டாம் பில்லிங்கம் உள்ளிட்டோர் குண்டுமாரிக்கு நடுவே அவர் உடலைத் தூக்கிவர முயன்றனர். பகைவர் நெருங்கி வந்ததால் முடியவில்லை. உடல் பின்னர் அடையாளம் காணப்படவும் இல்லை. அவருக்குக் கல்லறை கிடையாது. அராஸ் நகரின் நினைவு மதிலில், கல்லறை அறியப்படாத பல்லாயிரவர் பெயரோடு அவர் பெயரும் வெட்டப்பட்டுள்ளது. வெள்ளையருக்கு ஆணையிட ஒரு கறுப்பினத்தவர் தகார் என்று விதி எழுதியவர்கள், தம் அதிகாரியின் உடலுக்காக உயிரைப் பணயம் வைத்த அவ்வீரர்களிடம் அதனைக் கேட்டுப் பார்த்ததில்லை.

துயரச் செய்தி கிளாஸ்கோவிலிருந்த எட்வர்டைச் சென்றடைந்தது. உடன் பணியாற்றிய அதிகாரி ஒருவர் அவருக்கு எழுதிய கடிதத்தில், வால்ட்டரைப் படையினர் அனைவரும் நேசித்ததையும், மிலிட்டரி கிராஸ் என்னும் வீரப் பதக்கத்துக்கு அவர் பரிந்துரைக்கப்பட்டிருந்ததையும் குறிப்பிட்டார். அப்பதக்கம் அவருக்கு வழங்கப்படவில்லை. பரிந்துரைத் தாளும் ஆவணக் காப்பகத்தில் கிடைக்கவில்லை. அதனை இப்போதேனும் வழங்க வேண்டும் என்று பலர் பிரிட்டிஷ் அரசை வேண்டி வந்துள்ளனர்.

பெயர் மீண்ட வரலாறு

போருக்குப் பின் அவர் பெயர் மெல்ல மறைந்தது. எட்வர்டின் குடும்பத்தார் கடிதங்களையும் படங்களையும் பேணிக் காத்தனர். இருபதாம் நூற்றாண்டின் இறுதியில் ஃபில் வாசிலி என்னும் ஆய்வாளர் கறுப்பினக் கால்பந்து வீரர்களின் வரலாற்றைத் தேடியபோது இவ்வாழ்க்கையும் வெளிச்சத்துக்கு வந்தது. 1999ஆம் ஆண்டு ஜூலையில் நார்தாம்ப்டன் கழகத்தின் சிக்ஸ்ஃபீல்ட்ஸ் விளையாட்டரங்கை ஒட்டி அவருக்கு நினைவுச் சின்னமும் பூங்காவும் திறக்கப்பட்டன. அங்குள்ள சாலைக்கும் அவர் பெயரே இடப்பட்டது. 2014ஆம் ஆண்டு பிரிட்டிஷ் நாணயச் சாலை அவர் நினைவாக ஒரு நாணயம் வெளியிட்டது. 2018ஆம் ஆண்டு, அவர் மறைந்து நூறாண்டு நிறைந்தபோது, அஞ்சல்தலையும் வந்தது.

உடல் கிடைக்காத வீரனுக்குக் கல் நட்டுப் பெயர் பொறிப்பது உலகெங்கும் உள்ள வழக்கம். நடுகல்லைப் பாடிய மொழியினர்க்கு அது புதிதன்று. ஆனால் நார்தாம்ப்டன் கல்லில் பெயர் ஏற எண்பத்தோராண்டு ஆயிற்று. தாளில் ஒரு செய்தியாளர் எழுதிய பத்தியும், ஒரு தளபதியின் பாராட்டும், ஒரு தோழரின் கடிதமும் அழியாமல் இருந்தமையால்தான் அக்கல்லையும் நட முடிந்தது.

அச்சுக்கூடத்தில் எழுத்துக் கோக்கக் கற்ற ஓர் அனாதைச் சிறுவன் தன்னைப் பற்றி அதிகம் எழுதி வைக்கவில்லை. கூச்சலுக்கு அவன் பதில் கூறியதாகவும் எங்கும் பதிவில்லை. பந்து காலில் இருந்த வரை ஆடினார். வீரர்கள் பொறுப்பில் இருந்த வரை காத்தார். அன்று பிரிஸ்டலில் ஏசியவர் ஒருவர் பெயரும் இன்று எவருக்கும் தெரியாது. வால்ட்டர் டல் என்னும் பெயர் அவ்வூர்ச் சிறுவர்களுக்கும் இன்று பள்ளிப் பாடம்.